அக்கரைப் பச்சை செய்வது எப்படி?

இந்தப் பதார்த்தத்தை எல்லார் வீட்டிலும் செய்கிறார்கள். பக்குவமாகச் செய்கிறவர்கள்தான் குறைவு. மாதத்துக்கு ஒரு தடவை, யாராவது கல்யாணத்துக்குப் போய்வந்த மறுநாள், "ம்... ஒவ்வொருத்தர் குடுத்து வச்சிருக்காங்க" என்று ஒரு பெருமூச்சு விடுவார்கள். அதோடு அடுப்பை அணைத்துவிடுவார்கள். அதில் பதமும் இல்லை, மணமும் இல்லை. அடுத்தவர் வாழ்க்கையைப் பார்த்து நம் வாழ்க்கையைக் கசக்கவைப்பது அவ்வளவு லேசான சமையல் அல்ல. 22 வருடத் தாம்பத்தியத்தில் அதை விடாமல் கிண்டியவள் என்ற முறையில் என் கைப்பக்குவத்தை இங்கே தருகிறேன்.

தேவையான பொருட்கள்

கணவன் அல்லது மனைவி – 1 (குறைந்தது 7 வருடம் ஊறியது, புதிதாகக் கல்யாணமானது குழைந்துவிடும்)
எதிர்வீட்டு ஜோடி – 1
இடைவெளி – 12 அடி
அரைகுறைத் தகவல் – தேவையான அளவு
செல்போன் – 1
பெருமூச்சு – தாளிக்க
வேண்டியதை வாய்விட்டுக் கேட்கும் பழக்கம் – துளியும் கலக்கக் கூடாது

1. ஜோடியைப் பார்த்து எடுக்கவும்

முகேஷ் அம்பானி வீட்டை வைத்து இதைச் செய்ய முடியாது. 27 மாடி வீட்டைப் பார்த்துவிட்டு எந்த மனைவியும் கணவனிடம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வதில்லை. லியோன் ஃபெஸ்டிங்கர் என்ற அமெரிக்க உளவியலாளர் 1954-இல் இதற்குக் காரணம் எழுதிவைத்தார்: மனிதர்கள் தங்களை அளந்து பார்க்கத் தங்களைப் போலவே இருப்பவர்களைத்தான் தேடுகிறார்கள். அதாவது அதே சதுர அடி, அதே வீட்டுக்கடன், அதே பால்காரர். எங்கள் அடுக்ககத்தில் எனக்கு அப்படி வாய்த்தது பி-4.

அதற்காக ரொம்பக் கிட்டேயும் போய்விடக் கூடாது. கூடப்பிறந்த அக்கா வீடு இதற்கு உதவாது. அத்தான் எந்த விஷயத்துக்கு எத்தனை நாள் பேசமாட்டார் என்பது நமக்கு அத்துப்படி. தெரிந்த வீட்டைக் கும்பிட முடியாது. எதிர்வீடுதான் உத்தமம், தினமும் கண்ணில் படும், முழுசாகப் படாது.

பி-4 சார் தினமும் காலையில் ஹாலில் தரையில் உட்கார்ந்து, பேப்பரை விரித்துச் சின்ன வெங்காயம் உரிப்பார். எங்கள் வாசலில் கோலம் போடும் சாக்கில் கிரில் கேட் வழியாகப் பார்த்திருக்கிறேன். முகத்தில் ஒரு சுளிப்பு இருக்காது. உள்ளேயிருந்து அவர் மனைவி, அந்த அக்கா, ஏதோ சொல்வார், இவர் சிரிப்பார். 12 அடித் தூரத்தில் அந்த வெங்காயமெல்லாம் முத்துக் குவியல் மாதிரி தெரியும். இந்தப் பக்கம் திரும்பினால் எங்கள் வீட்டுக்காரர் அதே பேப்பரை விரித்து முகத்தை மூடியிருப்பார்.

எதிர்வீட்டுக்குள் போகவே போகாதீர்கள். கொலு, கிரகப்பிரவேசம் என்று போகவேண்டி வந்தாலும் அரைமணி நேரத்தில் எழுந்துவிடுங்கள். எந்த வீடும் அரைமணி நேரம் நல்ல வீடாக இருக்கும். அதற்கு மேல் உட்கார்ந்தால், "கரண்ட் பில் கட்டிட்டீங்களா?" என்ற கேள்வியின் தொனி காதில் விழுந்து உங்கள் பதார்த்தம் திரிந்துபோகும்.

விருந்தாளியின் கண்ணால் குடித்தனத்தைப் பார்ப்பது நம் மரபும்கூட. குறுந்தொகையில் கூடலூர் கிழார் பாடிய 167-ஆம் பாட்டு. கட்டிக்கொடுத்த பெண் எப்படிக் குடித்தனம் செய்கிறாள் என்று செவிலித்தாய் நேரில் போய்ப் பார்த்துவிட்டு வந்து நற்றாயிடம் சொல்கிறாள். பெண் புகையில் நின்று புளிக்குழம்பு வைத்தாள், மாப்பிள்ளை ருசியாக இருக்கிறது என்று சாப்பிட்டான், அவள் முகம் லேசாக மலர்ந்தது. இவ்வளவுதான் சேதி. அழகான பாட்டு, மறுக்கவில்லை. ஆனால் சாட்சி சொல்வது யார்? வந்துபோன விருந்தாளி. செவிலி ஊர் திரும்பியபின் என்ன நடந்தது என்பதற்கு அதே குறுந்தொகையில் மருதத் திணைப் பாட்டுகள் இருக்கின்றன: பரத்தை வீட்டிலிருந்து திரும்பிவரும் கணவன், வாயில் மறுக்கும் மனைவி, நடுவில் மாட்டிக்கொண்டு தவிக்கும் தோழி. அவற்றை யாரும் கல்யாணப் பத்திரிகையில் அச்சடிப்பதில்லை. நீங்களும் அந்தப் பக்கத்தைப் புரட்டாதீர்கள்.

2. நேரத்தைச் சரியாகப் பொருத்தவும்

உங்கள் வீட்டின் செவ்வாய்க்கிழமை காலை 7.40-ஐ அடுத்த வீட்டின் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலத்தோடு ஒப்பிட வேண்டும். 7.40-க்கு 7.40 என்று வைத்துப் பார்த்தால் இரண்டு வீட்டிலும் ஒரு சாக்ஸ் காணாமல் போயிருக்கும்.

முன்பெல்லாம் அடுத்த வீட்டு ஞாயிற்றுக்கிழமையைப் பார்க்க ஞாயிற்றுக்கிழமை வரை காத்திருக்க வேண்டும். 2017-இல் வாட்ஸ்அப்பில் படம் போடும் ஸ்டேட்டஸ் வந்தபின் அந்தக் கஷ்டம் தீர்ந்தது. 24 மணி நேரத்தில் அது மறைந்துவிடும் என்பார்கள். போனிலிருந்துதான் மறையும். என் கல்லூரித் தோழி கொடைக்கானல் கோக்கர்ஸ் வாக்கில் கணவன் தோளில் சாய்ந்தபடி போட்ட படம் மூன்று வருடமாக என் மண்டையில் ஓடிக்கொண்டிருக்கிறது. பின்னால் மேகம், கையில் சோளம், கீழே "என் உலகமே நீதான்" என்று ஒரு வரி, நாலு இதயம்.

இந்தப் படத்தைப் பார்க்கும்போது சில கேள்விகளை மனதுக்குள் விடக் கூடாது. படம் எடுத்தது யார்? எத்தனாவது தடவையில் சரியாக வந்தது? வத்தலக்குண்டு தாண்டி மலை ஏறும்போது வளைவுக்கு வளைவு யார் தலையை ஜன்னலுக்கு வெளியே நீட்டினார்கள், எலுமிச்சம்பழத்தை மறந்துவிட்டு வந்தது யார், அதற்கு யார் யாரை என்ன சொன்னார்கள்? இதெல்லாம் பித்தம். பச்சை வெளுத்துவிடும். உலகமே அவன்தான் என்றால் அதை அவனிடம் சொல்லாமல் 312 பேருக்கு ஏன் சொல்கிறாள் என்ற கேள்வியையும் ஓரமாக வையுங்கள்.

3. உதிரிபாகங்களைக் கலக்கவும்

ஒரே ஆளை முழுசாகப் பிடித்துக்கொள்வது ஆரம்ப நிலை. தேர்ந்தவர்கள் கலவை செய்வார்கள். பி-4 சாரின் வெங்காயம் உரிக்கும் கை, ஆபீஸ் தோழி கணவனின் பிறந்தநாள் மறக்காத மூளை, நாத்தனார் வீட்டுக்காரரின் சம்பளம், ஜிம்முக்குப் போகும் யாரோ ஒருவரின் வயிறு, எல்லாவற்றையும் சேர்த்துப் பிசைந்தால் ஓர் உத்தம புருஷன் கிடைப்பார். வெங்காயக்காரரின் மறதியும், சம்பளக்காரரின் வாயும், வயிற்றுக்காரரின் கண்ணாடி மோகமும் கலவையில் விழாமல் சல்லடையில் சலித்துக்கொள்ளவும்.

பிசைய நேரமில்லாதவர்கள் இறந்துபோனவரை எடுத்துக்கொள்ளலாம். மணிரத்னத்தின் 'மௌன ராகம்' 1986-இல் வந்தது. கார்த்திக் நடித்த மனோகர் படத்தில் கொஞ்ச நேரம்தான் வருவார். கல்யாணம் நடக்கவேண்டிய நாளில் இறந்தும் போவார். அதனால் அவர் கேஸ் சிலிண்டர் பதிவு செய்ய மறந்ததில்லை. ஈரத் துண்டைக் கட்டிலில் போட்டதில்லை. "இன்னிக்கும் உப்புமாவா?" என்று கேட்டதில்லை. பாவம், கணவராக நடித்த மோகனுக்குத்தான் அந்த வாய்ப்பெல்லாம் கிடைத்தது. நம்மோடு ஒரு நாள்கூடக் குடித்தனம் செய்யாத ஆளைத் தோற்கடிக்கக் கூடவே இருக்கும் எவனாலும் முடியாது. கல்லூரியில் ஒரு தலை ராகமாகப் பாடிவிட்டுப் போனவர் யாராவது உங்களுக்கு இருந்தால் பத்திரமாக எடுத்துவையுங்கள். ஃபேஸ்புக்கில் மட்டும் தேடாதீர்கள். இப்போதைய படத்தைப் பார்த்தால் பதார்த்தம் நீர்த்துவிடும்.

4. ஆண்களுக்கான தனிக்குறிப்பு

இந்தச் சமையல் பெண்களுக்கு மட்டும் என்று நினைக்க வேண்டாம். ஆண்கள் இதில் மகா கெட்டிக்காரர்கள். கரண்டி சத்தம் மட்டும் வெளியே கேட்காது. அவர்களுக்குப் பெரும்பாலும் கச்சாப்பொருள் இரண்டு.

முதலாவது, சிநேகிதனின் மனைவி. "சுரேஷ் வொய்ஃப் எல்லாம் எங்க இருக்கீங்கன்னு ஒரு போன் பண்ண மாட்டா." ஆமாம், பண்ணமாட்டாள். அவர் வீட்டில் இல்லாத நேரம் எவ்வளவு நிம்மதி என்பதை அவள் எப்போதோ கண்டுபிடித்துவிட்டாள். இதை உங்களிடம் சொல்ல அவளுக்கு என்ன அவசியம்?

இரண்டாவது, திருவள்ளுவரின் மனைவி என்று சொல்லப்படும் வாசுகி. கணவன் கூப்பிட்டதும் கிணற்றுக்கயிற்றை விட்டுவிட்டு ஓடினாளாம், வாளி அப்படியே அந்தரத்தில் நின்றதாம். அவர் சாப்பிடும்போது இலைப் பக்கத்தில் ஊசியும் கிண்ணத்தில் தண்ணீரும் வைப்பாளாம். எதற்கு என்று ஒரு நாள்கூடக் கேட்கவில்லையாம். சாகும் தறுவாயில்தான் கேட்டாளாம். சிந்தும் பருக்கையைக் குத்தி எடுக்க என்று அவர் சொன்னாராம். எந்தப் பட்டிமன்றத்துக்குப் போனாலும் இந்தக் கதைக்குக் கைதட்டல் நிச்சயம். கவனித்துப் பாருங்கள், இந்தக் கதையைச் சொன்னது வாசுகி இல்லை. வெறும் வாயால் வழங்கிவந்த கதை. குறளில் வாசுகி என்ற பெயர்கூடக் கிடையாது.

குறளில் இருப்பது வேறு. 1330 குறளையும் எழுதியவர் அறம், பொருள் எல்லாம் முடித்துக் கடைசி மூன்று அதிகாரத்தை எதற்கு ஒதுக்கினார்? 131 புலவி, 132 புலவி நுணுக்கம், 133 ஊடலுவகை. முப்பது குறளும் பிணக்கு, அதன் நுணுக்கம், அதன் சுகம். அவர் தும்முகிறார், அவள் வாழ்த்துகிறாள். அடுத்த நொடியே 'யார் உன்னை நினைத்ததால் இந்தத் தும்மல்?' என்று அழுகிறாள். சரி என்று தும்மலை அடக்கினால், 'யார் நினைப்பதை என்னிடம் மறைக்கிறாய்?' என்று அதற்கும் அழுகை. இதை எழுதியவர் வீட்டில் வாளி அந்தரத்தில் நின்றிருக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை. ஆனால் வாசுகியை உதாரணம் காட்டும் கணவர்கள் 132-ஆம் அதிகாரத்தின் பக்கம் வரவே கூடாது. வந்தால், சொந்த வீடு அங்கே அச்சாகியிருப்பதைப் பார்த்துவிடுவார்கள்.

5. தாளிக்கும் முறை

எல்லாவற்றையும் கெடுப்பதும் சரிக்கட்டுவதும் தாளிப்புதான். சேர்த்துவைத்த ஏக்கத்தைக் கணவனின் முகத்தைப் பார்த்துக் கொட்டக் கூடாது. சிங்க் குழாயைப் பார்த்தோ, காலண்டரைப் பார்த்தோ சொல்ல வேண்டும். என் வீட்டு மாதிரி இதோ:

"பி-4ல அந்த சார் இருக்காரே..."

"ம்."

"தினம் வெங்காயம் உரிச்சுக் குடுக்கறார்."

"அவர் ரிட்டயர் ஆயிட்டாரும்மா."

"வேலைக்குப் போறப்பவும் உரிச்சார்."

"உனக்கு எப்படித் தெரியும்?"

"தெரியும்."

"சரி. இப்ப நான் என்ன பண்ணணுங்கற?"

இந்த இடம்தான் ஆபத்து. இங்கே வாய் தவறி, "நீங்களும் உரிங்க" என்று சொல்லிவிட்டால் எல்லாம் போச்சு. அவர் உரித்துவிடக்கூடும். "ஒண்ணும் பண்ண வேணாம், சும்மா சொன்னேன்" என்று சொல்லிப் பாத்திரத்தைச் சற்றுச் சத்தமாக வைக்க வேண்டும். 22 வருடத்தில் நான் இப்படிச் சும்மா சொன்னவற்றைக் கோர்த்தால் ஒரு தொடர்கதை ஆகும்.

இதே காரணத்துக்காகப் புள்ளிவிவரங்களையும் சண்டைக்குள் கொண்டுவரக் கூடாது. தேசியப் புள்ளியியல் அலுவலகம் 2024-இல் எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு ஒன்று இருக்கிறது. 6 வயதும் அதற்கு மேலும் ஆனவர்களில், சம்பளமில்லாத வீட்டு வேலை செய்கிற பெண் ஒரு நாளைக்கு 289 நிமிடம் செய்கிறாள். செய்கிற ஆண் 88 நிமிடம். 'செய்கிற' ஆண் என்பதைக் கவனிக்கவும். பேப்பரால் முகத்தை மூடியவர்கள் இந்தச் சராசரிக்குள் வரவே இல்லை. 2019 கணக்கெடுப்பில் இது 299-க்கு 97. ஐந்து வருடத்தில் பெண்ணுக்கு 10 நிமிடம் குறைந்திருக்கிறது. அவளுக்குக் குறைந்துவிட்டதே என்று ஆணும் 9 நிமிடம் குறைத்துக்கொண்டார்.

2024 கணக்கில் இருவருக்கும் இடையில் உள்ளது 201 நிமிடம், 3 மணி 21 நிமிடம். இதைக் காகிதத்தில் எழுதிக் கணவன் முன்னால் வைத்தால் என்ன ஆகும்? பேரம் ஆகும். வெங்காயம் உங்களுக்கு, பாத்திரம் எனக்கு, துணி மடிப்பது பிள்ளைக்கு என்று கணக்கு நகரும். நிமிடத்தைப் பங்கு போடலாம். பி-4 சாரைப் பங்கு போட முடியாது. பி-4 சாரைக் காட்டினால் கணவனுக்குத் தான் மட்டம் என்பதுதான் கேட்கும்; வெங்காயம் கேட்காது. அவர் அடிபட்டுப் போவார், நாம் அடித்த திருப்தியோடு தனியே உட்கார்ந்து வெங்காயம் உரிக்கலாம். அக்கரைப் பச்சையின் சூட்சுமமே இதுதான்: வேண்டியதைக் கேட்காமலே, கிடைக்கவில்லை என்று வருத்தப்பட உதவும்.

6. எச்சரிக்கை

அடி விழுகிற வீட்டுக்கு இந்தக் குறிப்பு இல்லை. அங்கே ஒரு பெண் எதிர்வீட்டைப் பார்த்து, 'அந்த வீட்டில் யாரும் யாரையும் அடிப்பதில்லையே' என்று நினைத்தால் அது ஏக்கமல்ல, கண் திறப்பு. குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைக் காக்கும் சட்டம் 2005-இல் வந்தது. உதவிக்கு 181 என்ற எண் இருக்கிறது. 'எல்லா வீட்டிலும் இருக்கறதுதான்' என்று அவளிடம் யாராவது சொன்னால், அவர்கள்தான் பொய்யான ஒப்பீட்டைச் செய்கிறார்கள்.

மற்ற வீடுகளுக்குப் பொதுவான எச்சரிக்கை ஒன்றுதான்: எதிர்வீட்டு ஆளோடு பேச்சுக் கொடுக்காதீர்கள். நான் கொடுத்துவிட்டேன்.

போன ஆடியில் ஒரு ராத்திரி மின்சாரம் போய், இரண்டு வீட்டுக் கதவும் திறந்து, காற்றுக்காக நானும் பி-4 அக்காவும் மாடிப்படியில் உட்கார்ந்தோம். அவர்தான் ஆரம்பித்தார்.

"உங்க வீட்ல ஒரு சத்தம் வராது. எவ்ளோ அமைதி. குடுத்து வச்சவ நீ."

நானும் இவரும் பேசி அன்றோடு நாலு நாள் ஆகியிருந்தது. அதை ஏன் சொல்ல வேண்டும் என்று பேச்சை வெங்காயத்துக்குத் திருப்பினேன். "சார் மாதிரி வருமா அக்கா? கேக்காமலே உரிச்சுக் குடுக்கறார்."

அக்கா சிரித்த சிரிப்பில் இரண்டு மாடிக்குக் கீழே நாய் குரைத்தது.

"கேக்காமலேயா? ஒம்பது வருஷம் முன்னாடி சொல்லிட்டேன். உரிச்சா வெங்காய சாம்பார், உரிக்கலைன்னா ரசம். ஒரு மாசம் மூணு வேளையும் ரசம் ஊத்தினேன். முப்பத்தோராம் நாள் வந்து உக்காந்தார் பாரு."

"நீங்க உள்ளேர்ந்து ஏதோ சொல்வீங்க, அவர் சிரிப்பாரே?"

"தோலைக் கீழ போட்டா பெருக்கறதும் நீங்கதான்னு சொல்வேன். அவர் சிரிக்கறதா உனக்குத் தெரியுதா? கண் எரியுதுடி அவருக்கு."

ஒன்பது வருடமாக நான் 12 அடி தள்ளி நின்று கும்பிட்டது ஒரு மாதத்து ரசத்தை.

7. பதம் கெட்டுவிட்டால்

என் பதார்த்தம் அன்றே கெட்டது. கெட்டதை என்ன செய்வது என்று ஒரு வாரம் யோசித்தேன். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, இவர் டிவியில் கிரிக்கெட் பார்த்துக்கொண்டிருந்தபோது, அரைக்கிலோ சின்ன வெங்காயத்தைத் தட்டில் கொட்டி மடியருகே வைத்தேன். குழாயைப் பார்க்கவில்லை, காலண்டரைப் பார்க்கவில்லை.

"என்னங்க, இதை உரிச்சுக் குடுங்க."

நிமிர்ந்து பார்த்தார். ஒரு பிரளயத்துக்குத் தயாராக நான் இடுப்பில் கை வைத்திருந்தேன்.

"முழுசுமா?" என்றார்.

"முழுசும்."

"கத்தி குடு."

அவ்வளவுதான். 22 வருடத் தொடர்கதைக்கு இது ஒரு முடிவா? எனக்குக் கோபம்கூட வந்தது. இவ்வளவு சுலபமாக உரிப்பவர் இத்தனை வருடம் ஏன் உரிக்கவில்லை என்று கேட்க வாயெடுத்தேன். அதைக் கேட்டால் கத்தி கீழே போய்விடும். வாயை மூடிக்கொண்டேன்.

உரிக்க 40 நிமிடம் ஆயிற்று. 88-இல் 40 என்று மனதுக்குள் குறித்துக்கொண்டேன். உரித்த லட்சணத்தைச் சொல்லக் கூடாது. தோலோடு பாதி வெங்காயமும் போயிருந்தது. மீதிப் பாதியில் தோல் அப்படியே இருந்தது. விக்கெட் விழுந்தபோதெல்லாம் வெங்காயமும் சோபாவுக்கு அடியில் விழுந்திருந்தது. முகத்தில் ஒரு சுளிப்பு இல்லை; கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியதில் சிரிப்பது போலத்தான் இருந்தது.

அப்போது படியேறிக்கொண்டிருந்தாள் பி-2வுக்குப் புதிதாகக் குடிவந்த பெண். கையில் பால் பாக்கெட். எங்கள் கிரில் கேட் அருகே கால் ஒரு நொடி நின்றது. அவரைப் பார்த்தாள், தட்டைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வை எனக்கு நன்றாகத் தெரியும். ஒன்பது வருடம் கோலப்பொடிக் கிண்ணத்தோடு நான் பார்த்த பார்வை.

நிறுத்தி, "உள்ள வாம்மா, வந்து உக்காரு" என்று கூப்பிட்டிருக்கலாம். கிட்டே வந்து பார்த்தால் வெங்காயத்தின் நிலைமை தெரிந்திருக்கும்.

நான் லேசாகச் சிரித்துவிட்டு, தோல் இருக்கும் பக்கம் வாசலுக்குத் தெரியாதபடி தட்டைத் திருப்பிவைத்தேன்.